டிஸ்மிஸ் பண்ணது ஒருத்தர், நிலுவைச் சம்பளம் குடுக்குறது யாரு?

ஆசிரியர் சாருக்கு வணக்கம்ங்க.

போன வாரம் உங்க வாசகர் கடிதம் பகுதியில ஒரு பெற்றோர் எழுதியிருந்தாங்க. பத்து வருஷம் ஸ்கூல் பக்கமே வராத ஒரு ஆளுக்கு பத்து வருஷச் சம்பளத்த மொத்தமா குடுன்னு கோர்ட் சொன்னா அந்தக் காசு எங்கிருந்து வரும், கடைசில எங்க புள்ளைங்க பீஸ்ல தான வந்து விழும், வேலை செய்யாதவங்களுக்கு சம்பளம்னா இது என்ன நியாயம்னு கேட்டிருந்தாங்க. அவங்க கோபத்துல தப்பு சொல்ல மாட்டேன், பீஸ் கட்ற கஷ்டம் கட்றவங்களுக்குத் தான் தெரியும். ஆனா அந்த "ஸ்கூல் பக்கமே வராத"ங்கிற வார்த்தை இருக்குதே, அத படிச்ச ராத்திரி எனக்கு தூக்கம் வரல. வராம இல்லீங்க, வர விடல. கேட்டுக்குள்ள விடாதன்னு வாட்ச்மேனுக்குக் குடுத்த சீட்ட டைப் பண்ணதே நான் தான்.

கோத்தகிரி பக்கம் ஒரு எய்டட் ஹைஸ்கூல் ஆபீஸ்ல 27 வருஷம் கிளார்க்கா இருந்து 2019 மே மாசம் ரிட்டயர் ஆனவன் நான். ஸ்கூல் பேரு எழுத மாட்டேன், இன்னும் அங்க புள்ளைங்க படிக்குது, நல்லா சொல்லித் தர்ற டீச்சருங்க இருக்காங்க, அவங்களுக்கு எதுக்கு தலைகுனிவு. எய்டட்னா என்னன்னு தெரியாதவங்களுக்காக சொல்றேன், கட்டடமும் நிர்வாகமும் ஒரு ட்ரஸ்டோடது, அரசு அனுமதிச்ச போஸ்ட்டுக்கு மட்டும் சம்பளம் அரசு மானியத்துல வரும், அதுக்கு மேல ட்ரஸ்ட் சொந்தக் காசுல வெச்சுக்கறது மேனேஜ்மென்ட் போஸ்ட். ஒரே ஸ்டாப் ரூம்ல ஒரே பெஞ்சுல உக்காந்து டீ குடிக்கற ரெண்டு பேருல ஒருத்தருக்கு முப்பதாயிரத்துக்கு மேல வரும், இன்னொருத்தருக்கு ஆறாயிரம் வரும், அது தனிக்கதை.

2012ல எங்க ஸ்கூல்ல இருந்து ரெண்டு பேர வெளிய அனுப்பினாங்க. ஒருத்தர் கணக்கு டீச்சர், எய்டட் போஸ்ட், 1996ல சேந்தவங்க. இன்னொருத்தர் வேன் ஓட்டுன அண்ணன், மேனேஜ்மென்ட் போஸ்ட், மாசம் 5,500 ரூபா. டீச்சர் பண்ண குத்தம் என்னன்னா, ஆறாவது ஊதியக்குழு அரியர் வந்தப்ப எல்லாரும் கட்டட நிதிக்கு இவ்ளோ குடுக்கணும்னு தாளாளர் ஒரு தொகை சொன்னாரு, எல்லாரும் முனகிட்டே குடுத்தாங்க, இவங்க மட்டும் ரசீது குடுங்க தர்றேன்னு சொன்னாங்க. அவ்ளோ தான். டிரைவர் அண்ணன் பண்ண குத்தம் 12 சீட்டு வேன்ல 30 புள்ளைங்கள ஏத்த மாட்டேன்னது. நம்ம ரோடு தெரியும்ல, ஜூன் மாசம் மிஸ்ட் இறங்கினா முன்னாடி போற வண்டியோட டெயில் லைட் கூட தெரியாது, ஒரு பக்கம் மண்ணு சரியும் இன்னொரு பக்கம் பள்ளம். அந்த மனுசன் சொன்னது சரின்னு ஸ்கூல்ல எல்லாருக்கும் தெரியும், ஒருத்தரும் வாயத் தொறக்கல, என்னையும் சேத்து தான் சொல்றேன்.

டீச்சர மொதல்ல மார்ச் மாசம் சஸ்பெண்ட் பண்ணாங்க. அப்ப இருந்தது 1973ம் வருஷத்து தமிழ்நாடு தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டம். அதுல 22வது பிரிவுன்னு ஒண்ணு இருக்குதுங்க. அதோட சாரம் இது தான்: ஆசிரியரோ மத்த ஊழியரோ யாரா இருந்தாலும் கல்வித்துறை அதிகாரியோட முன் அனுமதி இல்லாம டிஸ்மிஸ் பண்ணக் கூடாது, சஸ்பென்ஷன் ரெண்டு மாசத்துக்கு மேல நீடிக்கக் கூடாது, அதிகாரி காரணம் எழுதி நீட்டிச்சா இன்னும் ரெண்டு மாசம், அதுக்கு மேல கிடையாது. யாரும் நீட்டிக்கல. அதனால ரெண்டு மாசம் முடிஞ்சதும் டீச்சர் தானா வந்து நின்னாங்க. மே மாசம், சீசன் டைம், ரோடு பூரா டூரிஸ்ட் வண்டி, நடந்தே வந்திருந்தாங்க. அட்டெண்டன்ஸ் ரெஜிஸ்டர் என் டேபிள் மேல தான் இருந்துச்சு. அவங்க பேருக்கு நேரா சிவப்பு மையில ஒரு கோடு இழுத்து வெச்சிருந்தாரு ஹெச்.எம். டீச்சர் அந்தக் கோட்ட பாத்தாங்க, பேனாவ எடுத்தாங்க, எங்கண்ணா கையெழுத்துப் போடறதுன்னு என்னைக் கேட்டாங்க. நான் கம்ப்யூட்டர் ஸ்கிரீனையே பாத்துட்டு உக்காந்திருந்தேன், ஸ்கிரீன்ல ஒண்ணும் இல்ல, அணைஞ்சு தான் கெடந்துச்சு, கரண்ட் போயிருந்துச்சு.

ஆகஸ்ட்ல டிஸ்மிஸ் ஆர்டர். அத நான் டைப் பண்ணப்ப கீழ "நகல்: மாவட்டக் கல்வி அலுவலர் அவர்களுக்கு, தகவலுக்காக" அப்படின்னு ஒரு வரி போடச் சொன்னாங்க, போட்டேன். ஆனா அந்த நகல் எங்க ஆபீச விட்டே போகல. வெளிய போற தபால பதியற டெஸ்பாட்ச் ரெஜிஸ்டர் எழுதறது நான் தான, அதுல அந்த நம்பரே இல்ல. அப்புறம் டீச்சர் தகவல் உரிமைச் சட்டத்துல அந்த மாவட்டக் கல்வி அலுவலர், அதாவது டி.இ.ஓ. ஆபீசுக்கு எழுதிக் கேட்டு, அனுமதி கேட்டு அப்படி ஒரு கருத்துருவே இங்க வரலன்னு பதில் வாங்கினாங்க. கேஸோட உயிரே அந்த ஒரு பேப்பர் தான்.

இதுல டி.இ.ஓ. ஆபீசும் பால்குடிக்காத பூனை இல்லீங்க. ஒவ்வொரு மாசமும் சம்பள பில் போகுதில்ல, பதினாறு வருஷமா பில்லுல இருந்த ஒரு பேரு திடீர்னு காணோம், சில மாசம் கழிச்சு அதே போஸ்ட்ல ஒரு புதுப் பேரு நியமன ஒப்புதலுக்கு வருது. இந்தப் போஸ்ட் எப்படி காலியாச்சு, பழைய ஆளு செத்தாரா, ராஜினாமாவா, ரிட்டயரான்னு ஒரு கேள்வி வரணுமா வேணாமா? வரல. பில்லு பாஸாச்சு. ஸ்கூல் ஆபீஸ்ல இருந்த நாங்களும் தபால் ஆபீஸ் மாதிரி, வந்தா அனுப்புவோம், அவ்ளோ தான். இத ஏன் சொல்றேன்னா நாளைக்கு நிலுவைன்னு வர்றப்ப எங்களுக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்லன்னு கல்வித்துறை சொல்லுது.

சரி, கேஸு கதைக்கு வர்றேன். ஒரே ஸ்கூல், ஒரே வருஷம், ஒரே மாதிரி அநியாயம், ஆனா ரெண்டு பேருக்கும் வழி வேற வேற. டிரைவரு அப்ப இருந்த தொழில் தகராறு சட்டப்படி தொழிலாளி, அவரு லேபர் கோர்ட்டுக்குப் போக முடிஞ்சுது. டீச்சர் தொழிலாளி கிடையாதுன்னு 1988லயே சுந்தராம்பாள்ங்கற டீச்சரோட வழக்குல சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு, அதனால அவங்களுக்கு அந்தக் கதவு இல்ல, டிபார்ட்மென்ட்ல அப்பீல், அப்புறம் சென்னை ஹைகோர்ட். சென்னைன்னா சும்மா இல்லீங்க. கோத்தகிரியில இருந்து பஸ் புடிச்சு மேட்டுப்பாளையம் இறங்கி, நீலகிரி எக்ஸ்பிரஸ்ல ராத்திரி ஏறினா காலைல சென்ட்ரல், குளிக்க இடம் தேடி, கோர்ட்டுக்குப் போனா அன்னிக்கு லிஸ்ட்ல கேஸு 140வது நம்பர், சாயந்திரம் அஞ்சு மணிக்கு வாய்தா, மறுபடி ராத்திரி ரயிலு. டீச்சர் எத்தன தடவ போயிருப்பாங்கன்னு கேட்டேன், எண்ணறத விட்டுட்டேன்ணான்னாங்க. வக்கீலு வர வேண்டாம்மா நான் பாத்துக்கறேன்னு தான் சொன்னாராம், இவங்களுக்கு மனசு கேக்கல.

இடையில என்ன சாப்பிட்டாங்கன்னு அந்தப் பெற்றோருக்கு சொல்லணும். டீச்சருக்கு அப்பா வழில ஒரு ஏக்கராவுக்கும் கம்மியா தேயிலை, பச்சை இலை கிலோ 10 ரூபா 12 ரூபான்னு போன காலம் அது, உரத்துக்கும் பறிகூலிக்கும் போக மிச்சம் ஒண்ணும் நிக்காது. வீட்ல டியூஷன் எடுத்தாங்க, தலைக்கு 150 ரூபா, அதுலயும் பாதிப் பேரு எஸ்டேட் லைன் வீட்டுப் புள்ளைங்க, காசு கேக்க மனசு வராது. டிரைவர் அண்ணன் ராத்திரில கேரட் லோடு வண்டி ஓட்டினாரு, விடிகாலைல மேட்டுப்பாளையம் மண்டிக்குப் போய் சேரணும், வாரத்துல மூணு நாள் இருந்தா பெருசு. கழுவின கேரட் மூட்டைல இருந்து தண்ணி சொட்டிட்டே இருக்கும்ல, அந்த ஈரத்துலயே படுத்துத் தூங்கி அவருக்கு இன்னிக்கும் இடுப்பு நேரா நிக்காது.

இந்த லோடு வண்டிய தான் ஸ்கூல் வக்கீலு புடிச்சுக்கிட்டாரு. இவரு வேற வேலை பாத்து சம்பாதிச்சிட்டு தான் இருந்தாரு, எதுக்கு நிலுவைச் சம்பளம்னு. அந்த வாதத்துக்கு சுப்ரீம் கோர்ட் 2013லயே பதில் சொல்லியிருக்குது, தீபாலி குண்டு சுர்வசேன்னு மகாராஷ்டிராவுல ஒரு தனியார் ஸ்கூல் டீச்சரோட வழக்கு. அவங்களுக்கு பள்ளித் தீர்ப்பாயம் முழு நிலுவைச் சம்பளம் குடுத்துச்சு, ஹைகோர்ட் அத எடுத்துடுச்சு, சுப்ரீம் கோர்ட் திரும்பக் குடுத்துச்சு. அதுல சொன்னத எனக்குப் புரிஞ்ச வரைக்கும் சொல்றேன். சட்டவிரோதமா வேலைய விட்டு அனுப்பினா திரும்ப வேலையும் நிலுவைச் சம்பளமும் தான் பொது விதி. எனக்கு வேற வேலை இல்ல, இல்லாட்டி ரொம்பக் கம்மியான கூலில தான் இருந்தேன்னு ஊழியர் சொல்லிட்டாப் போதும், இல்ல இவரு பழைய சம்பளத்துக்கு சமமா சம்பாதிச்சாருன்னு நிரூபிக்கறது நிர்வாகத்தோட பாடு. கேஸு வருஷக்கணக்குல இழுத்ததுக்கு ஊழியரோட நிலுவைல கை வைக்கக் கூடாது. வக்கீல் வெச்சு வாதாட நிர்வாகத்துக்கு இருக்கற வசதி வேலை போனவருக்கு இல்லங்கறதையும் அந்தத் தீர்ப்பு எடுத்துச் சொல்லுது. கேரட் மூட்டை கூலிய சம்பளம்னு சொன்னா அந்தக் கேரட்டே சிரிக்கும்.

டிரைவருக்கெல்லாம் முன் அனுமதியான்னு சிலர் கேப்பாங்க. டெல்லில ஒரு தனியார் ஸ்கூல் டிரைவரத் தூக்கினாங்க, அங்கயும் நம்ம 22வது பிரிவு மாதிரியே அந்த ஊரு சட்டத்துல முன் அனுமதி வாங்கணும்னு இருக்குது, வாங்கல, 2016ல சுப்ரீம் கோர்ட் அவர முழு நிலுவைச் சம்பளத்தோட திரும்ப வேலைல சேக்கச் சொல்லுச்சு. ராஜ்குமார் வழக்குன்னு சொல்லுவாங்க. டீச்சர்னா ஒரு நியாயம் டிரைவர்னா ஒரு நியாயம்னு சட்டத்துல இல்லீங்க, நம்ம மனசுல தான் இருக்குது.

நம்ம டிரைவர் அண்ணனுக்கு கோயமுத்தூர் லேபர் கோர்ட்ல 2020 பிப்ரவரில தீர்ப்பு வந்துச்சு, திரும்ப வேலை, தொடர்ச்சியான சர்வீஸ், முழு நிலுவை. 2012 ஜூன்ல இருந்து கணக்குப் போட்டா 92 மாசம், 5,500 வெச்சாலே 5,06,000 ரூபா, இன்கிரிமென்ட் எல்லாம் நான் சேக்கல. அடுத்த மாசம் லாக்டவுன். வண்டி ஓடல, மண்டி அரைகுறை, வீட்ல வயசுக்கு வந்த பொண்ணு. அந்த நேரம் பாத்து ஸ்கூல்ல இருந்து ஆளு வந்து நாங்க ஹைகோர்ட் போறோம், இன்னும் பத்து வருஷம் ஆகும், 1,40,000 இப்பவே கைல தர்றோம்னு சொல்லி முழுத் தீர்வுன்னு எழுதி கையெழுத்து வாங்கிட்டாங்க. ஹைகோர்ட்டுக்குப் போனா கேஸு முடியற வரைக்கும் கடைசியா வாங்கின சம்பளத்த மாசாமாசம் நிர்வாகம் குடுத்தாகணும்னு அப்ப இருந்த தொழில் தகராறு சட்டத்துல 17பி பிரிவு இருந்துச்சு, வேற வேலை இல்லன்னு அபிடவிட் போட்டாப் போதும், அது அவருக்குத் தெரியாது, சொல்லவும் ஆளில்ல. நான் ரிட்டயர் ஆயி வீட்ல தான் உக்காந்திருந்தேன், என்கிட்ட கேக்கல. ஏன் கேக்கப் போறாரு.

காசு கூடப் போகட்டும்ங்க. பி.எப். பென்ஷனுக்கு 10 வருஷ சர்வீஸ் வேணும். அவரு ஸ்கூல்ல 6 வருஷம் முடிச்சிருந்தாரு, தீர்ப்புல வந்த அந்த 7 வருஷம் 8 மாசமும் சேந்து அதுக்கு பி.எப். கட்டியிருந்தா 13 வருஷத்துக்கு மேல ஆயிருக்கும், வயசான காலத்துல மாசாமாசம் ஏதோ ஒண்ணு வந்திருக்கும். 5,06,000க்கு நிர்வாகம் கட்ட வேண்டிய 12 சதவீதமே 60,720 ரூபா. அந்தக் கையெழுத்தோட அதுவும் போச்சு. நிலுவைச் சம்பளம்னா ஏதோ லாட்டரி மாதிரி மொத்தமா காசு வந்து விழுதுன்னு நினைக்கறவங்க இத யோசிச்சுப் பாக்கணும்.

டீச்சர் விடல. 2019ல ஹைகோர்ட்ல டிஸ்மிஸ் செல்லாது, திரும்ப வேலை, நிலுவைச் சம்பளம் எல்லாம் குடுன்னு ஆர்டர் ஆச்சு, நிர்வாகம் அப்பீல் போச்சு, 2022 ஆரம்பத்துல அதுவும் தள்ளுபடி. ஜூன் மாசம் ஸ்கூல் தொறக்கறப்ப போய் சேந்தாங்க. வெளிய நின்னது 2012 ஆகஸ்ட்ல இருந்து 2022 ஜூன் வரைக்கும், சஸ்பென்ஷன சேக்காமலே 118 மாசம். நடுவுல 2017ல ஏழாவது ஊதியக்குழு வேற வந்து பட்டதாரி ஆசிரியருக்கு ஆரம்பச் சம்பளமே 36,400ன்னு ஆயிடுச்சு, அதனால தொகை பெருசு, நான் கணக்குப் போட ஆரம்பிச்சு பாதில விட்டுட்டேன்.

இங்க தான் நான் எழுத வந்த விஷயம். ஆர்டர்ல நிலுவைய வழங்கணும்னு இருக்குது, யாரு வழங்கணும்னு பச்சையா ஒரு வரி இல்ல. டீச்சர் எங்கிட்ட ஒரு பிளாஸ்டிக் பைல் காட்டினாங்க, அதுல ரெண்டு லெட்டர சேத்து பின் அடிச்சு வெச்சிருந்தாங்க. ஒண்ணு ஸ்கூல் டி.இ.ஓ.வுக்கு எழுதினது: இந்தப் பணியிடம் அரசு மானியத்துல வர்றது, சம்பளம் எப்பவும் அரசு தான் தருது, எனவே நிலுவையும் தாங்களே வழங்க வேண்டும். இன்னொண்ணு அதுக்கு வந்த பதில்: முன் அனுமதி பெறாம நிர்வாகம் தன்னிச்சையா எடுத்த முடிவு, அந்தக் காலத்துக்கு அதே பணியிடத்துல வேற ஆசிரியருக்கு மானியம் வழங்கியாச்சு, ஒரே பணியிடத்துக்கு ரெண்டு சம்பளம் தர வழியில்ல, எனவே நிர்வாகமே வழங்க வேண்டும். ரெண்டு லெட்டரும் சுத்தமான தமிழ்ல, ரெண்டுலயும் ரப்பர் ஸ்டாம்ப், ரெண்டுலயும் "தக்க நடவடிக்கைக்காக". யாரு நடவடிக்கை எடுக்கணும்னு தான் தெரியல. இப்படியே லெட்டர் போயி லெட்டர் வந்து ஒரு வருஷம் ஓடிப் போச்சு. கோர்ட் அவமதிப்பு மனு போடணும்னா 1971ம் வருஷச் சட்டத்துல ஒரு வருஷக் கெடு இருக்குது, அதத் தாண்டினப்புறம் தான் வக்கீலு அய்யய்யோன்னாரு. இப்ப யாரு குடுக்கணும்னு கேட்டு திரும்ப ஒரு புது ரிட் மனு. டீச்சர் 2024ல ரிட்டயரே ஆயிட்டாங்க. அந்த 118 மாசத்த எஸ்.ஆர்.ல, அதாவது பணிப் பதிவேட்டுல, எப்படி காட்டறதுன்னு முடிவாகாததால பென்ஷன் பைலும் முழுசா ஏ.ஜி. (மாநிலக் கணக்காயர்) ஆபீசுக்குப் போகல.

என் கருத்த பளிச்சுன்னு சொல்லிடறேன். டி.இ.ஓ. ஆபீஸ் பதில்ல பாதி சரி. ஒரே போஸ்ட்டுக்கு மக்கள் வரிப்பணத்துல ரெண்டு சம்பளம் ஏன் போகணும்? தாளாளர் ரசீது இல்லாம காசு கேட்டாரு, குடுக்கலன்னு டிஸ்மிஸ் பண்ணாரு, சட்டம் கேட்ட அனுமதிய வாங்கல, நகல கூட அனுப்பல, அதுக்கு அரசு ஏன் அழணும். ட்ரஸ்ட் தான் குடுக்கணும், அதுவும் ட்ரஸ்டோட சொந்தக் கணக்குல இருந்து. ஆனா மீதிப் பாதி தப்பு. நீங்க ரெண்டு பேரும் சண்டை போட்டு முடிக்கற வரைக்கும் அந்தம்மா ஏன் காத்திருக்கணும்? அரசு மொதல்ல டீச்சருக்குக் குடுத்துட்டு ட்ரஸ்ட் கிட்ட வசூல் பண்ணட்டும், அரசுக்கு இல்லாத வக்கீலா. பில்ல கண்ண மூடிட்டு பாஸ் பண்ணதுக்கு அந்த அலைச்சல் அவங்களோடதா இருக்கட்டுமே.

ட்ரஸ்டுக்கு காசு இல்லன்னு மட்டும் யாரும் சொல்லாதீங்க, கணக்குப் பேரேடு எழுதினவன் நான். மெயின் ரோட்ல ஆறு கடை வாடகை வருது. மே மாசம் சீசன்ல கிரவுண்ட கார் பார்க்கிங்குக்கு விடறாங்க, ஒரு வண்டிக்கு நூறு ரூபா வாங்கறத நானே நின்னு பாத்தேன். சில்வர் ஓக் மரம் வித்த கணக்கு ஒண்ணு இருந்துச்சு, அது எங்க போச்சுன்னு எனக்கே தெரியாது. இதெல்லாம் ஸ்கூல் பீஸ் இல்லீங்க, ட்ரஸ்ட் வருமானம்.

இன்னொரு கூத்து, 2021ல ட்ரஸ்ட் கை மாறிடுச்சு. பழைய தாளாளர் இப்ப கோயமுத்தூர்ல பையன் வீட்ல. புது ஆளுங்க கேட்டா, அது பழைய நிர்வாகம் பண்ணது, நாங்க வந்தப்ப இப்படி ஒரு கடன் இருக்குன்னு யாரும் சொல்லலன்னு சொல்றாங்க. கட்டடம் வாங்கினீங்க, வேன் வாங்கினீங்க, அறுபது வருஷப் பேரையும் போர்டையும் வாங்கினீங்க, பத்தாம் வகுப்பு ரிசல்ட்ட பேனர்ல போட்டுக்கறீங்க, அதுல பாதிப் புள்ளைங்க அக்காமாருக்கு கணக்கு சொல்லிக் குடுத்தது இந்த டீச்சர் தான். மாடு வேணும், சாணி வேணாம்னா எப்படிங்க. தாளாளர் மாறுவாரு, கேஸ்ல எதிர்மனுதாரர்னு இருக்கறது தாளாளரோட அப்பா அம்மா வெச்ச பேரு இல்ல, பள்ளி நிர்வாகம்னு தான் இருக்குது. பழையவர் மறைச்சுட்டாருன்னா அவர் மேல இவங்க கேஸ் போட்டுக்கட்டும், பாத்துக்கலாம், டீச்சருக்குக் குடுத்துட்டு.

அந்தப் பெற்றோருக்கு ஒரு வார்த்தை. உங்க பயம் எனக்குப் புரியுதுங்க, உங்க புள்ளைங்க இங்கிலீஷ் மீடியம் செக்ஷன்ல படிக்கும், அங்க தான் பீஸ் வாங்கறாங்க. ஆனா தனியார் பள்ளி பீஸ் நினைச்ச மாதிரி ஏத்தறதுக்கில்ல, 2009ம் வருஷம் கட்டணச் சட்டம் வந்துச்சு, ரிட்டயர்டு ஹைகோர்ட் ஜட்ஜ் தலைமைல கமிட்டி, அவங்க நிர்ணயம் பண்றது மூணு கல்வியாண்டுக்கு. நாளைக்கு கோர்ட் செலவு, நிலுவைச் சம்பளம்னு சொல்லி பீஸ்ல ஒரு ரூபா ஏத்தினாலும் கமிட்டி நிர்ணயிச்ச ஆர்டர காட்டுன்னு கேளுங்க, நோட்டீஸ் போர்டுல ஒட்டியிருக்கான்னு பாருங்க. தப்பா டிஸ்மிஸ் பண்ண செலவ உங்க தலையில கட்டினா சண்டை போட வேண்டியது கட்டினவங்க கூட, கணக்கு டீச்சர் கூட இல்ல. நானும் உங்க கூட வந்து நிக்கறேன்.

கல்வித்துறைக்கு ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். இப்ப 2018ம் வருஷப் புதுச் சட்டம் 2023ல இருந்து அமலுக்கு வந்தாச்சு, தனியார் பள்ளிகளுக்குன்னே தனியா டி.இ.ஓ. போட்டாச்சு. பள்ளி அங்கீகாரம் புதுப்பிக்க பைல் வர்றப்ப பில்டிங் லைசென்ஸ், பயர் சர்டிபிகேட், சானிட்டரி சர்டிபிகேட்னு கேக்கறீங்க, அதோட ஊழியருக்கு கோர்ட் உத்தரவுப்படி தர வேண்டிய பாக்கி ஏதும் இருக்கான்னு ஒரு பேப்பரும் கேளுங்க. நிர்வாகம் கை மாறும்போதும் கேளுங்க. அந்தப் பேப்பர டைப் பண்ணப் போறது என்ன மாதிரி ஒரு கிளார்க் தான், அவனுக்கும் பொய்யா டைப் பண்ண கை நடுங்கட்டும்.

டீச்சருக்கு ஒருவேளை காசு மொத்தமா வந்துச்சுன்னா ஒரே வருஷத்துல எல்லாம் வருமானம்னு சொல்லி வரிய வெட்டிடுவாங்க, வருமான வரில அதுக்குன்னு இருக்கற படிவத்த போட்டா அந்தந்த வருஷத்துக்கு பிரிச்சுக் காட்டி ரிலீப் வாங்கலாம்ணு சொல்லி வெச்சிருக்கேன். மொதல்ல வரட்டும்ணா அப்புறம் பாப்போம்னு சிரிச்சாங்க. அன்னிக்கு டானிங்டன் பஸ் ஸ்டாப்புக்கு எதுத்தாப்புல டீக்கடைல உக்காந்திருந்தோம், வர்க்கிய டீல முக்கிட்டே, அண்ணா அந்த வாட்ச்மேனுக்குக் குடுத்த சீட்டு நீங்க தான அடிச்சீங்கன்னு கேட்டாங்க. ஆமான்னேன். எழுத்துப் பிழை ரெண்டு இருந்துச்சுண்ணான்னாங்க. வேற ஒண்ணும் சொல்லல.

அந்த டெஸ்பாட்ச் ரெஜிஸ்டர்ல 2012 ஆகஸ்ட் மாசப் பக்கத்த ரிட்டயர் ஆகறதுக்கு முந்தின வாரம் போன்ல போட்டோ எடுத்து வெச்சேன், எதுக்கு எடுத்தேன்னு அப்ப எனக்கே தெரியாது, இன்னும் இருக்குது. புது ரிட் மனுவுல அத சேக்கலாம்னு வக்கீல் சொல்லியிருக்காரு, அதுக்கு அந்தப் பக்கம் என் கையெழுத்து தான்னு நான் அபிடவிட் குடுக்கணும். குடுக்கறேன்னு சொல்லிட்டேன். சென்னைக்கு வான்னாலும் வர்றேன், மழை நாள்ல மட்டும் மேட்டுப்பாளையம் ரோடு அடைச்சுடறாங்க, அதனால ஒரு நாள் முன்னாடியே சொல்லணும்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற பள்ளி கிளார்க்,
கோத்தகிரி.